தந்தையர் பழியும் மைந்தர் கடனும்

திருவள்ளுவர் மக்கட்பேறு என்னும் ஓர் அதிகாரத்திலேயே, தந்தை மகனுக்குச் செய்யவேண்டியது யாது, மகன் தந்தைக்குச் செய்யவேண்டியது யாது என இரண்டையும் வைத்துப் பேசினார். கற்றோர் அவையில் மகனை முன்னிற்கச் செய்வது தந்தையின் கடன். இப்படியொரு பிள்ளையைப் பெற அவன் என்ன தவம் செய்தானோ என்று உலகம் வியக்குமாறு வாழ்வது மகனின் கடன். இவ்விரண்டையும் நாம் ஆண்டுதோறும் வகுப்பறையில் கற்பிக்கின்றோம். ஆயின், மாணவர் பெரும்பாலும் கேட்காத கேள்வி ஒன்று இதனுள் அடங்கியிருக்கின்றது. தந்தை பெருங்கொடுமை புரிந்தவனாய் இருப்பின், மகன் அவனுக்குச் செய்யவேண்டிய கைம்மாறு யாது?

இக்கேள்வியை நேர்முகமாக எடுத்துக்கொண்ட ஆவணப்படம் ஒன்று 2015ஆம் ஆண்டில் வெளிவந்தது. ‘நம் தந்தையர் செய்தது’ என்று அதன் பெயரைத் தமிழிற் சொல்லலாம். டேவிட் எவன்ஸ் என்பார் இயக்கினார். அனைத்துலகச் சட்ட அறிஞர் பிலிப் சாண்ட்ஸ் அதில் கேள்வி கேட்பவராக வருகின்றார். பதில் சொல்பவர் இருவர்: ஒருவர் நிக்லாஸ் பிராங்க், மற்றவர் ஹோர்ஸ்ட் வெக்டர். இருவரும் 1939இல் பிறந்தவர்கள். இருவரும் நாஜி ஆட்சியின் பெருந்தலைவர் வீட்டுப் பிள்ளைகள். தீவிரக் கொள்கையே வீட்டின் காற்றாய் நிறைந்திருக்கும் இடத்தில் வளரும் குழந்தைக்கு என்ன நேர்கின்றது என்பதை, முதுமை எய்திவிட்ட இவ்விருவர் வாழ்க்கையையும் ஒப்பிட்டு அறியலாம்.

இரு வீடுகள்

நிக்லாஸின் தந்தை ஹான்ஸ் பிராங்க் சட்டம் பயின்றவன். ஆட்சிக்கு வருமுன் ஹிட்லருக்கும் அவன் கட்சிக்கும் வழக்குரைஞனாய் இருந்தவன். 1939இல் ஜெர்மானியப் படைகள் போலந்தைக் கைப்பற்றியபின், நேரடியாக ஜெர்மனியோடு இணைக்கப்படாத பகுதிக்கு அவன் தலைமை ஆளுநன் ஆனான். கிராக்கோவ் நகரத்தில் போலந்து மன்னர்கள் வாழ்ந்த வாவெல் அரண்மனை அவனுக்கு இருப்பிடமாயிற்று. லியனார்டோ டாவின்சி தீட்டிய புகழ்பெற்ற ஓவியம் ஒன்று, உரியவரிடமிருந்து பறிக்கப்பட்டு, அவன் மாளிகைச் சுவரில் தொங்கியது. டிரெப்ளிங்கா, பெல்ஜெக், சோபிபோர் என்னும் கொலைக்களங்கள் மூன்றும் அவன் ஆட்சி எல்லைக்குள்ளேயே இருந்தன.

சிறுவன் நிக்லாஸ் அறிந்தது அரண்மனையை மட்டுமன்று. யூதர்களை அடைத்து வைத்திருந்த சேரிக்குத் தாய் காரில் செல்லும்போது அவனும் உடன் சென்றான். மென்மயிர் ஆடைகளையும் பிறவற்றையும் யூதர்களிடம் அற்ப விலைக்கு வாங்கிவருவது அவள் வழக்கம். தந்தையோ, இவன் தனக்குப் பிறந்தவன் அல்லன் என்னும் ஐயத்தால், ‘அந்நியன்’ என்று பொருள்படும் செல்லப்பெயரால் அவனை அழைத்து வந்தான். தந்தையின் அணைப்புக்காக மேசையைச் சுற்றிச் சுற்றி ஓடியதை நிக்லாஸ் முதுமையிலும் மறக்கவில்லை.

ஹோர்ஸ்டின் தந்தை ஓட்டோ வெக்டர் ஆஸ்திரியன். 1934இல் வியன்னாவில் ஆட்சியைக் கவிழ்க்க நாஜிகள் செய்த முயற்சியில் அவன் பங்கு கொண்டான். ஆஸ்திரியத் தலைமை அமைச்சர் டால்ஃபஸ் அதில்தான் கொல்லப்பட்டார். பின்னர் கிராக்கோவ் மாவட்டத்தின் ஆளுநனாகவும், 1942 முதல் லெம்பெர்க் நகரைத் தலைநகராகக் கொண்ட கலீசியா மாவட்டத்தின் ஆளுநனாகவும் பிராங்கின் கீழ்ப் பணியாற்றினான். கிராக்கோவ் யூதர்கள் கையில் அடையாளப் பட்டை அணியவேண்டும் என 1939இலும், அவர்கள் தனிச் சேரிக்குள் குடியேற வேண்டும் என 1941இலும் வந்த ஆணைகளில் கையொப்பமிட்டவன் அவனே. மகனுக்கு ஹோர்ஸ்ட் என்று பெயர் வைத்தது, கட்சி தியாகியென்று கொண்டாடிய ஹோர்ஸ்ட் வெசலின் நினைவாக. நடுப்பெயர் ஆர்தர் என்பது ஞானத்தந்தையான ஆர்தர் ஸைஸ் இன்குவார்ட்டின் பெயர். அவனும் நாஜித் தலைவர்களுள் ஒருவன். தொட்டிலில் இடும் பெயரிலேயே கொள்கை குடியேறிவிட்ட வீடு அது.

பள்ளிக்கூடம் செய்த வேலை

பெரிய தலைவர்கள் வீட்டில்தான் இத்தகைய வளர்ப்பு இருந்தது என்று நாம் எண்ணிவிடலாகாது. 1936 டிசம்பரில் வந்த சட்டம், ஜெர்மானியச் சிறுவர் சிறுமியர் அனைவரும் ஹிட்லர் இளைஞர் இயக்கத்தைச் சார்ந்தவர் என்று கூறியது. 1939 மார்ச்சில் அதிற் சேர்வது கட்டாயமாயிற்று. அதற்கு முன்பே, 1933 ஏப்ரலில், யூத ஆசிரியர்கள் அரசுப் பணியிலிருந்து சட்டத்தால் விலக்கப்பட்டனர். எஞ்சிய ஆசிரியர்களுள் மிகப் பெரும்பான்மையோர் சில ஆண்டுகளுக்குள் நாஜி ஆசிரியர் சங்கத்தில் உறுப்பினர் ஆயினர்.

ஆசிரியராகிய நாம் கருதிப் பார்க்கவேண்டிய சான்று ஒன்று உண்டு. 1930களில் அங்கு வெளியான ஒரு கணக்குப் புத்தகத்தில் ஒரு பயிற்சி வருகின்றது. மனநோயாளர்க்கு ஒரு மருத்துவமனை கட்ட 60 லட்சம் மார்க் செலவாயிற்று. ஒரு வீட்டுக்கு 15,000 மார்க் வீதம் அத்தொகையில் எத்தனை குடியிருப்பு வீடுகள் கட்டியிருக்கலாம் என்பது கேள்வி. விடை 400. வகுத்தற் கணக்கு என்ற அளவில் இதிற் பிழை ஏதும் இல்லை. விடை சரியென்று ஆசிரியர் குறியிட்டிருப்பார், மாணவன் மகிழ்ந்திருப்பான். நோயாளி ஒருவன் உயிரோடிருப்பது பிறர் வீட்டைப் பறிப்பதாகும் என்னும் கருத்து, வாதம் ஏதுமின்றி, வகுத்தலோடு வகுத்தலாக அவன் உள்ளத்தில் இறங்கியிருக்கும். இத்தகைய நோயாளருள் 70,000க்கு மேற்பட்டோர் 1940 முதல் 1941 ஆகஸ்ட் வரையில் நச்சுப் புகையால் கொல்லப்பட்டனர்.

வீடு கூறியதைப் பள்ளி மறுக்கவில்லை. பள்ளி கூறியதை வீடு மறுக்கவில்லை. இரண்டும் ஒரே குரலில் பேசும்போது குழந்தைக்கு மூன்றாவது குரல் எங்கிருந்து கேட்கும்? இவ்வினாவை மனத்திற் கொண்டே போருக்குப் பிந்திய கதையை நோக்க வேண்டும்.

தீர்ப்பும் மௌனமும்

1945இல் ஜெர்மனி வீழ்ந்தது. அமெரிக்கப் படையினர் மே மாதத்தில் ஹான்ஸ் பிராங்கைப் பிடித்தபோது, பல தொகுதிகளாக இருந்த தன் ஆட்சி நாட்குறிப்புகளை அவன் தானே ஒப்படைத்தான். அவையே அவனுக்கு எதிரான பெருஞ்சான்று ஆயின. நூரம்பெர்க் நீதிமன்றத்தில் 1946 ஏப்ரலில் சாட்சிக் கூண்டில் நின்றபோது, ஆயிரம் ஆண்டு கழிந்தாலும் ஜெர்மனியின் இக்குற்றம் அழியாது என்ற கருத்துப்பட அவன் பேசினான். ஆகஸ்ட் மாத இறுதியுரையிலோ, அக்குற்றம் எதிரிகள் செய்த கொடுமையால் முற்றும் துடைக்கப்பட்டுவிட்டது என்று அதனைத் திரும்பப் பெற்றுக்கொண்டான். ஒரு மனிதன் உண்மையை ஒருமுறை வாயாரச் சொல்லிவிட்டு நான்கே திங்களில் விழுங்கியதை வரலாறு பதிந்துவைத்திருக்கின்றது.

அவ்வாண்டு செப்டம்பரில் குடும்பத்தினர் சிறையில் அவனைக் காண வந்தனர். 7 வயதுச் சிறுவன் நிக்லாஸ் தாயின் மடியில் அமர்ந்திருந்தான். விரைவில் வீட்டில் எல்லோரும் கூடிக் கிறிஸ்துமஸ் கொண்டாடுவோம் என்று தந்தை கூறினான். தந்தை தூக்கிலிடப்படுவான் என்பதைச் சிறுவன் முன்னரே அறிவான். இறுதிச் சந்திப்பிலும் இவர் ஏன் பொய் சொல்கின்றார் என்று நினைத்தான். அக்டோபர் 16ஆம் நாள் அதிகாலையில் தண்டனை நிறைவேறியது. தூக்கிலிடப்பட்ட பதின்மருள் ஹோர்ஸ்டின் ஞானத்தந்தையும் ஒருவன்.

ஓட்டோ வெக்டர் அகப்படவில்லை. மலைகளில் மறைந்து வாழ்ந்து, ரோமாபுரி சென்று, நாஜிகளிடம் பரிவு கொண்ட ஹூடல் என்னும் பாதிரியாரின் ஆதரவில் இருந்து, 1949 ஜூலையில் மருத்துவமனை ஒன்றில் நோயுற்று இறந்தான். ஆகவே அவனைப் பற்றி நீதிமன்றத் தீர்ப்பு எழுதப்படவில்லை. மகனுக்குத் தந்தையைப் பற்றிய நேர் நினைவும் சிறிதே. எஞ்சியது 1985 வரை வாழ்ந்த தாயின் அன்பும், அவள் போற்றிக் காத்த கடிதங்களும், ‘உன் தந்தை நல்லவர்’ என்னும் சொல்லுமே.

ஜெர்மனியிலும் ஆஸ்திரியாவிலும் ஆயிரக்கணக்கான வீடுகளில் 1950களில் நிலவியது இத்தகைய மௌனமே. அவுஷ்விட்ஸ் கொலைக்களத்துக் காவலர்களையும் அதிகாரிகளையும் 1963 டிசம்பர் முதல் 1965 ஆகஸ்ட் வரை பிராங்க்பர்ட் நகரத்தில் ஜெர்மானிய நீதிமன்றமே விசாரித்தபோதுதான், அப்பா போரின்போது என்ன செய்தார் என்று பிள்ளைகள் பலர் கேட்கத் தொடங்கினர்.

சான்றின் முன் இருவர்

நிக்லாஸின் வழி கடுமையானது. பத்திரிகையாளராகிப் பணியாற்றிய அவர், தந்தையைப் பற்றி 1987இல் ஒரு நூல் வெளியிட்டார். பெற்ற தந்தையை ஒருவர் இவ்வாறு எழுதலாமா என்று வாசகர் பலர் கொதித்தெழுந்தனர். தூக்கிலிடப்பட்டபின் எடுத்த தந்தையின் பிணப் படத்தை அவர் தம்முடன் வைத்துக்கொண்டிருந்தார். தந்தை இறந்தது உறுதி என்று தம்மைத் தாமே தெளிவித்துக்கொள்வதற்கு என்றார். பின்னர் பள்ளிகளுக்குச் சென்று மாணவரிடையேயும் பேசிவந்தார்.

ஹோர்ஸ்டின் வழி வேறு. தந்தை அந்த ஆட்சியில் ஓர் உறுப்பாயிருந்தது உண்மையே. ஆயினும் அவர் உள்ளத்தால் நல்லவர். கொலை செய்தது காவற்படை, ஆளுநர் அல்லர். அவரால் இயன்ற நன்மையையே செய்தார் என்பது அவர் வாதம். அவரைப் பொய்யர் என்று தள்ளிவிட முடியாது. தாய் விட்டுச்சென்ற கடிதங்களையும் குறிப்புகளையும் மறைக்காது ஆராய்ச்சியாளர்க்குத் திறந்துவிட்டவரும், அவற்றின் படிகள் அமெரிக்காவிலுள்ள யூதப் படுகொலை நினைவுக் காட்சியகத்தைச் சேர இசைந்தவரும் அவரே. சான்றுப் பெட்டியைத் தம் கையாலேயே திறந்துவைத்துவிட்டு, உள்ளிருப்பதைக் காண மறுத்தார் எனலாம்.

படத்தின் உயிர்நிலை லெம்பெர்க்கில் நிகழ்கின்றது. இன்று உக்ரைன் நாட்டில் லிவீவ் என்று வழங்கும் நகரம் அது. 1942 ஆகஸ்ட் முதல் நாள் ஹான்ஸ் பிராங்க் அங்கு வந்து, வெக்டரைப் புகழ்ந்தும், நகரில் யூதர் முன்போலக் கண்ணிற் படவில்லையே என்று எள்ளியும் பேசினான். அதே திங்களில் அந்நகரிலிருந்து 40,000க்கு மேற்பட்ட யூதர் பெல்ஜெக் கொலைக்களத்திற்கு அனுப்பப்பட்டனர். பிலிப் சாண்ட்ஸின் பாட்டனார் பிறந்த ஊரும் அதுவே. அவர் இளமையிலேயே வியன்னா சென்றுவிட்டார். ஊரில் இருந்த சுற்றத்தார் அழிந்தனர். எனவே கேள்வி கேட்பவரும் இக்கதைக்கு அயலார் அல்லர். அம்மண்டபத்திலேயே அவ்வுரையைச் சாண்ட்ஸ் படித்துக் காட்டுகின்றார். நிக்லாஸ் தலைகுனிகின்றார், ஹோர்ஸ்டோ இதிலும் தம் தந்தையின் குற்றம் இல்லையென்கின்றார்.

ஹோர்ஸ்டின் வாதத்தை நடுநிலையோடு ஆராய்வோம். கலீசியாவில் கொலைத் தொழிலை நடத்தியது காவற்படையே என்பது மெய். அதன் தலைவன் காட்ஸ்மன் 1943 ஜூன் இறுதியில் எழுதிய அறிக்கை, அதுவரை 434,329 யூதர் ‘அப்புறப்படுத்தப்பட்டனர்’ என்று கணக்குக் கூறுகின்றது. ஆயின், ஆளுநனுக்கு வேறு வழியே இல்லையா? 1942 ஆகஸ்ட் 25ஆம் நாளிட்ட ஹிம்லரின் கடிதம் ஒன்று இதற்கு விடை தருகின்றது. வியன்னாவுக்கு மாறிச் செல்ல விருப்பமா என்று வெக்டரைத் தாம் கேட்டதாகவும், அவன் விரும்பவில்லை என்றும் அதில் எழுதப்பட்டிருக்கின்றது. லெம்பெர்க்கின் தெருக்களில் அப்பெருங்கொடுமை நிகழ்ந்த அதே திங்களில், விலகிச் செல்ல வாயில் திறந்திருந்தது. அவன் இருந்த இடத்திலேயே இருந்தான். காவற்படையின் மேல் பழியைச் சுமத்தும் வாதம் இக்கடிதத்தின் முன் நிற்கமாட்டாது.

லெம்பெர்க்கை அடுத்த ஜோல்கீவ் என்னும் சிற்றூருக்கும் மூவரும் செல்கின்றனர். அவ்வூர் யூதர் 3,500 பேர் 1943 மார்ச்சில் காட்டோரத்தில் சுட்டுப் புதைக்கப்பட்டனர். அப்புதைகுழியருகில் நின்றும் ஹோர்ஸ்ட் நெகிழவில்லை. வெக்டர் உருவாக்கத் துணைநின்ற கலீசியப் படைப்பிரிவைப் போற்றும் கூட்டம் ஒன்றில், தந்தையின் பெயரைச் சிலர் புகழக் கேட்டபோது அவர் முகம் மலர்கின்றது. படம் காண்பவரை நடுங்கச் செய்வது அம்மலர்ச்சியே. முதுமையிலும் தந்தையின் பெயருக்கு ஒரு நல்ல சொல் கிடைக்காதா என்று ஏங்கும் குழந்தையை அங்கே காண்கின்றோம். வள்ளுவர் கூறிய மகன் கடனை அவர் தலைகீழாகச் செய்து முடிக்க முயல்கின்றார் போலும்!

அன்பு கிடைக்காத நிக்லாஸுக்கு உண்மையைச் சொல்வது எளிது, அன்பிலே நனைந்த ஹோர்ஸ்டுக்கு அரிது என்று சிலர் கூறுவர். இது பாதி உண்மை. நிக்லாஸின் தமையன் நார்மன் 1928இல் பிறந்தவர், தந்தையை நன்கறிந்தவர். தந்தை குற்றவாளி என்பதை அவர் ஒப்புக்கொண்டார். ஆயினும் தந்தைமேல் வைத்த அன்பை விட்டாரில்லை. தம்பி இதனை ஒரு நூலாகவே 2013இல் எழுதினார். எனவே அன்பும் உண்மையும் ஓர் உள்ளத்தில் கூடியிருக்க இயலும் என்பதற்கு அதே வீட்டில் சான்று கிடைக்கின்றது. வெறுப்பது மகனின் கடமை என்று யாரும் விதிக்க முடியாது. அன்பைக் காட்டிச் சான்றை மறுப்பதே தவறு.

பழி குருதியில் ஓடுமா?

இவ்விடத்தில் மறுபக்கத்துப் பிழையையும் காணவேண்டும். கொடியவன் பிள்ளை கொடியவனே என்று உலகம் எளிதிற் கூறிவிடும். இக்கொள்கை யாருடையது? 1944 ஜூலை 20ஆம் நாள் ஹிட்லரைக் கொல்ல முயன்றவர்களின் குடும்பத்தாரை நாஜிகள் சிறைப்படுத்தினர். துரோகம் குருதியில் ஓடுகின்றது என்பது ஹிம்லரின் வாதம். குண்டு வைத்த ஸ்டாஃபன்பெர்க்கின் பிள்ளைகள் உட்பட 40க்கு மேற்பட்ட குழந்தைகள், தாயரிடமிருந்து பிரிக்கப்பட்டு, பாட் ஸாக்ஸா என்னும் ஊரில் வைக்கப்பட்டனர். அவர்களுடைய குடும்பப் பெயர்களும் மாற்றப்பட்டன. ஆகவே, நாஜியின் மகனைப் பிறப்பால் குற்றவாளி என்பவர், தாம் அறியாமலே நாஜியின் நீதிநூலைக் கையில் எடுத்தவர் ஆகின்றார். நூரம்பெர்க் நீதிமன்றம் நாட்டிய நெறி இதற்கு நேர்மாறானது: குற்றம் செய்தவன் எவனோ அவனே அதற்குப் பொறுப்பு. இந்நெறி தந்தையைத் தூக்குமேடைக்கு அனுப்பியது. அதே நெறி மகனை விடுவித்தது.

ஆயின் மகனுக்கு எஞ்சுவது ஒன்றுமில்லையா? உண்டு. அறியவேண்டிய கடன் எஞ்சுகின்றது. கொல்லப்பட்டவர்களின் பேரப்பிள்ளை எதிரே நின்று, ‘இது நடந்ததா, இல்லையா?’ என்று கேட்கும்போது, நடந்தது என்று சொல்லும் கடன் அது. அதனை மறுக்கும்போது மகன் ஒரு புதிய தவற்றைச் செய்கின்றான். அதற்குத் தந்தை பொறுப்பல்லன்.

நம் இலக்கியத்திற்கும் இச்சிக்கல் புதிதன்று. கம்பர் இரணியன் கதையை வீடணன் வாயில் வைத்தார். தமையனுக்கு அறம் உரைக்க நின்ற தம்பி, தந்தையின் ஆணையை மறுத்து நின்ற பிள்ளையின் கதையைத் தேர்ந்தெடுத்துச் சொல்கின்றான். குருதி உறவுக்கும் அறத்துக்கும் இடையே நிற்கும் துன்பத்தைப் புலவர் அறிந்திருந்தார்.

ஆசிரியர் கருதவேண்டியது

பிள்ளை வெற்றுப் பலகையாய்ப் பள்ளிக்கு வருவதில்லை என்பது ஆசிரியப் பயிற்சியில் முதலிற் பெறும் பாடங்களுள் ஒன்று. வீட்டில் கேட்ட சொல்லை அது சுமந்து வருகின்றது. வேற்றினத்தார் இழிந்தவர், வேற்றுச் சாதியார் தீண்டத்தகாதவர், வேற்றுச் சமயத்தார் பகைவர் என்னும் சொற்கள் சில பிள்ளைகளின் வாயில் 6 வயதிலேயே வந்துவிடுகின்றன. அப்போது ஆசிரியர் செய்யத்தக்கது யாது?

‘உன் தந்தை சொன்னது மூடத்தனம்’ என்று அவையில் இகழ்ந்தால், பிள்ளை ஹோர்ஸ்டைப் போலத் தந்தைக்கு அரணாகிவிடும். கேளாததுபோல் விட்டுவிட்டால், 400 என்ற விடைக்குச் சரிக்குறியிட்ட ஆசிரியரின் வரிசையில் நாமும் சேர்ந்துவிடுவோம். எஞ்சிய வழி ஒன்றே. பிள்ளையின் அன்பைத் தொடாமல், சான்றை அதன் கண்முன் வைப்பது. இழிந்தவர் எனப்பட்ட இனத்துப் பிள்ளையை அதே பலகையில் அருகில் அமர்த்திச் சேர்ந்து படிக்கச் செய்வதும் ஒரு சான்றே. ‘யார் சொன்னது?’ என்பதோடு நிறுத்தாமல், ‘அது எவ்வாறு தெரியும்?’ என்று கேட்கும் பழக்கத்தை வரலாற்றுப் பாடத்திலும் கணக்குப் பாடத்திலும் ஊட்டுவதும் அவ்வகையே. அப்பழக்கம் வேரூன்றிய பிள்ளை, என்றோ ஒருநாள் தன் வீட்டுப் பெட்டியைத் திறக்க நேர்ந்தால், உள்ளிருப்பதைப் படிக்கும் துணிவையும் பெற்றிருக்கும்.

அவுஷ்விட்ஸ் மீண்டும் நிகழாமற் காப்பதே கல்வியின் முதற் கடமை என்ற கருத்தை அடோர்னோ என்னும் ஜெர்மானியத் தத்துவப் பேராசிரியர் 1966இல் வானொலி உரையொன்றில் வலியுறுத்தினார். அக்கடமை பல்கலைக்கழகத்தில் தொடங்குவதன்று. எழுத்துக் கூட்டிப் படிக்கும் வகுப்பிலேயே, வீட்டின் குரலன்றி வேறொரு குரலும் உலகில் உண்டு என்பதைப் பிள்ளை முதன்முறை கேட்கும் இடத்திலேயே, அது தொடங்குகின்றது. அக்குரலை உரிய பொழுதில், அன்போடும் சான்றோடும் ஒலிக்கச் செய்கின்றோமா என்பதை ஆசிரியப் பெருமக்கள் எண்ணிப் பார்த்தல் வேண்டும்.